வாசனைக்கும் ஒரு நேரம் உண்டு: வீட்டில் காபி க்ரீமர் செய்வது பற்றி

கறுப்புக் காபியில் பாலுக்குப் பதிலாக ஊற்றும், மணமூட்டிய கெட்டியான இனிப்புக் கலவைதான் காபி க்ரீமர். நான் முதன்முதலாகச் செய்தது பாட்டிலில் இருந்தவரை அழகாகவே இருந்தது. வெண்மையில் இளமஞ்சள் கலந்த நிறம், மூடியைத் திறந்ததும் எழுந்த வெனிலா மணம், சாய்த்தால் அவசரமில்லாமல் இறங்கும் பதம் என எல்லாம் சரியாக அமைந்துவிட்டதாகத்தான் நினைத்தேன். ஆவி பறக்கும் கறுப்புக் காபியில் இரண்டு கரண்டி ஊற்றியதும் மேற்பரப்பில் சிறு வெண்புள்ளிகள் தோன்றின; ஒரு கலக்குக் கலக்குவதற்குள் அவை ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டு, பிய்த்துப் போட்ட பஞ்சைப் போல மிதக்கத் தொடங்கின. பக்கத்தில் நின்றிருந்த அக்கா கோப்பைக்குள் எட்டிப் பார்த்து, “என்னடி இது, காபியில தயிர் மிதக்குது?” என்று கேட்டாள். பதில் சொல்லத் தெரியவில்லை. அந்தக் கோப்பையைக் கழுவும் தொட்டியில் கொட்டிவிட்டு, இது ஏன் நடந்தது என்று தேடிப் படிக்க உட்கார்ந்தேன். இன்று ஏறக்குறைய எல்லா வாரமும் ஒரு பாட்டில் செய்கிறேன். செய்முறையைவிட, எந்தப் பொருள் எந்தச் சூட்டில் எந்த நேரத்தில் சேர வேண்டும் என்ற கணக்குதான் இதில் முக்கியம் என்பது பல பாட்டில்களைக் கெடுத்த பிறகே எனக்குப் புரிந்தது.

முதலில் அந்தத் தயிரின் கதையைச் சொல்லிவிடுகிறேன். பாலில் உள்ள புரதத்தில் பெரும்பகுதி கேசின். அது நுண்ணிய உருண்டைகளாகப் பாலில் மிதந்துகொண்டிருக்கிறது. அந்த உருண்டைகள் ஒன்றையொன்று விலக்கித் தள்ளுவதால்தான் பால் பாலாக இருக்கிறது. அமிலத்தன்மையைக் காட்டும் பிஎச் என்ற எண் அமிலம் கூடக்கூடக் குறையும்; அது 4.6-ஐ நெருங்கும்போது அந்த விலக்கும் ஆற்றல் போய்விடுகிறது. உருண்டைகள் கூடிக் கட்டியாகின்றன. காபியின் பிஎச் பொதுவாக 5-ஐ ஒட்டி இருக்கும். அதாவது, பால் திரிவதற்கான எல்லைக்கு மிக அருகில்தான் நாம் தினமும் பாலை ஊற்றிக் குடித்துக்கொண்டிருக்கிறோம். சூடு கூடக்கூட அந்த எல்லை இன்னும் அருகில் வந்துவிடும். என் முதல் கோப்பையில் மூன்று தவறுகள் சேர்ந்திருந்தன. திறந்து நான்கு நாளான பாலைப் பயன்படுத்தினேன். மூக்குக்குத் தெரியாவிட்டாலும் அதில் ஏற்கெனவே புளிப்பு தொடங்கியிருக்கும். காபி இளவறுவல், அது கருவறுவலைவிட அமிலம் மிகுந்தது. போதாக்குறைக்குக் காபி கொதிநிலையிலிருந்து அப்போதுதான் இறங்கியிருந்தது. இவற்றில் எதையாவது ஒன்றைத் தவிர்த்திருந்தால்கூட அக்காவின் கேள்வியிலிருந்து தப்பித்திருக்கலாம்.

தொழிற்சாலையில் இந்தச் சிக்கலை வேறு வழியில் தீர்க்கிறார்கள். கார்னேஷன் நிறுவனம் 1961-இல் காபி-மேட் பொடியை விற்பனைக்குக் கொண்டுவந்தபோது, பால் கொழுப்புக்குப் பதிலாகத் தாவர எண்ணெயும், இனிப்புக்கும் கெட்டித்தன்மைக்கும் சோள மாவுப் பாகிலிருந்து வந்த சர்க்கரையும் அடிப்படையாக அமைந்தன. இன்றைய க்ரீமர்களின் பொருட்பட்டியலில் டைபொட்டாசியம் பாஸ்பேட் என்ற பெயரை அடிக்கடி பார்க்கலாம். காபியின் அமிலம் புரதத்தைத் தாக்காதபடி தாங்கிக்கொள்வதுதான் அதன் வேலை. எண்ணெயும் நீரும் பிரியாமல் இருக்க மோனோ, டை கிளிசரைடுகள் சேர்கின்றன. அடியில் எதுவும் தங்காமல் இருக்கக் கடற்பாசியிலிருந்து எடுக்கப்படும் கராஜீனன் சேர்கிறது. இவற்றைப் பார்த்து அஞ்ச வேண்டும் என்று நான் சொல்லவில்லை; ஒவ்வொன்றுக்கும் ஒரு வேலை இருக்கிறது, அதைச் சரியாகச் செய்கிறது. ஒன்றை மட்டும் கவனிக்க வேண்டும். ‘பால் கலவாதது’ என்று முகப்பில் அச்சிட்டிருக்கும் பல க்ரீமர்களிலும் சோடியம் கேசினேட் இருக்கும். அது பால் புரதத்திலிருந்து வருவது. பால் ஒவ்வாமை உள்ளவர்கள் முகப்பை நம்பாமல் பொருட்பட்டியலைத்தான் படிக்க வேண்டும்.

வீட்டில் பாஸ்பேட்டும் கிடையாது, அதிவேகக் கலக்கியும் கிடையாது. நம்மிடம் இருப்பவை கொழுப்பு, சர்க்கரை, சூடு, பொறுமை ஆகியவையே. என் அடிப்படைக் கலவை எளிமையானது: 400 கிராம் கண்டென்ஸ்டு மில்க் ஒரு டின், கொழுப்பு நீக்காத புதிய பால் 350 மில்லி, 25 விழுக்காடு கொழுப்புள்ள ஃப்ரெஷ் க்ரீம் 100 மில்லி, ஒரு சிட்டிகை உப்பு. இவை சேர்ந்தால் ஏறக்குறைய 750 மில்லி வரும். கண்டென்ஸ்டு மில்க்கில் 8 விழுக்காடு கொழுப்பு என்று கொண்டால் அதிலிருந்து 32 கிராம், பாலிலிருந்து 12 கிராம், க்ரீமிலிருந்து 25 கிராம் என மொத்தம் 69 கிராம் கொழுப்பு. கலவையில் அது 100 மில்லிக்கு 9 கிராமை ஒட்டி நிற்கும். வெறும் பாலைவிட இரண்டரை மடங்கு அதிகம். நாவில் படியும் அந்த வழவழப்புக்கு இதுவே காரணம். கோப்பையில் கொஞ்சமாக ஊற்றினாலே காபியின் நிறம் மாறுவதும் இதனால்தான்.

சர்க்கரைக் கணக்கையும் மறைக்க வேண்டாம். கண்டென்ஸ்டு மில்க்கின் எடையில் ஏறக்குறைய 45 விழுக்காடு சேர்த்த சர்க்கரைதான். ஒரு டின்னில் 180 கிராம். அதை 750 மில்லிக்குப் பகிர்ந்தால் 15 மில்லி மேசைக்கரண்டிக்கு மூன்றரைக் கிராமுக்குச் சற்று மேல் வரும். ஒரு தேக்கரண்டி சர்க்கரைக்குக் கொஞ்சம் குறைவு. கோப்பைக்கு இரண்டு மேசைக்கரண்டி ஊற்றிவிட்டு, காபியில் சர்க்கரையே போடவில்லை என்று பெருமைப்பட்டுக்கொள்வதில் பொருளில்லை. வீட்டில் செய்தது என்பதற்காக எதுவும் தானாக உடலுக்கு நல்லதாகிவிடுவதில்லை. எதைப் போட்டோம், எவ்வளவு போட்டோம் என்று தெரிந்திருப்பதுதான் வீட்டு க்ரீமரின் ஆதாயம். இனிப்பு குறைவாக வேண்டுமென்றால் பாதி டின் போதும். குறையும் பதத்தை ஈடுகட்ட இன்னும் 100 மில்லி க்ரீம் சேர்த்துக்கொள்ளலாம்.

கண்டென்ஸ்டு மில்க்கை ஏன் விடாப்பிடியாகப் பயன்படுத்துகிறேன் என்று கேட்பவர்களுக்கு ஒரு சிறு விளக்கம். பாலை வீட்டு அடுப்பில் சுண்டக் காய்ச்சினால் நிறம் மாறும், காய்ந்த வாடை ஏறும். அமெரிக்கரான கெயில் போர்டன் 1856-இல் காப்புரிமை பெற்ற முறையில் காற்றழுத்தத்தைக் குறைத்த கலத்தில் பால் சுண்டுகிறது. அழுத்தம் குறைந்தால் நீர் குறைந்த சூட்டிலேயே ஆவியாகும் என்பதால் பாலின் சுவை அதிகம் மாறுவதில்லை. பின்னாளில் சேர்த்த சர்க்கரை அதைக் கெடாமலும் காத்தது. அந்த வேலையை நான் மறுபடி செய்ய வேண்டியதில்லை. வெறும் பாலில் சர்க்கரையைக் கரைத்தும் செய்து பார்த்திருக்கிறேன். இனிப்பான பால் கிடைத்ததே தவிர க்ரீமர் கிடைக்கவில்லை.

இனி அடுப்புக்கு வருவோம். அடிகனமான பாத்திரத்தில் முதலில் பாலை மட்டும் ஊற்றிச் சிறு தீயில் வைக்கிறேன். கண்டென்ஸ்டு மில்க்கை அப்போதே ஊற்றினால் அது கனத்தால் அடியில் போய்ப் படுத்துக்கொள்ளும். மேலே பால் வெதுவெதுப்பாக இருக்கும்போதே அடியில் சர்க்கரை கருகத் தொடங்கிவிடும். ஒருமுறை அடிபிடித்த வாடை ஏறிவிட்டால் எத்தனை வெனிலாவை ஊற்றினாலும் அதை மறைக்க முடியாது. பாத்திரத்தின் ஓரங்களில் ஊசிமுனை போன்ற குமிழிகள் வரிசைகட்டி, நடுவில் பால் இன்னும் அசையாமல் இருக்கும் நிலை ஒன்று உண்டு. வெப்பமானி வைத்துப் பார்த்தால் 80 டிகிரி செல்சியஸை ஒட்டி இருக்கும். அதுதான் இலக்கு. பொங்க விடக் கூடாது. நறுமணப் பொருள்களில் சில இந்தக் கட்டத்தில் சேரும், சில அடுப்பை அணைத்த பின் சேரும், சில ஆறிய பிறகே சேரும். பால் தயாரானதும் அடுப்பை அணைத்து, கண்டென்ஸ்டு மில்க்கையும் க்ரீமையும் உப்பையும் சேர்த்து, தட்டையான கரண்டியால் அடியை வழித்து வழித்துக் கலக்க வேண்டும். ஆறும்போது ஏடு படியாமல் இருக்க அவ்வப்போது ஒரு கலக்கு. பின் மெல்லிய வடிகட்டியில் ஒருமுறை வடித்தால் அடிப்படை முடிந்தது. மூன்று பொருள்களையும் ஜாடியில் போட்டுக் குலுக்கி, அடுப்பே மூட்டாமல் செய்கிறவர்களும் உண்டு. ஆறிய பின் சேர்க்கும் எசன்ஸ் வகைகளுக்கு அது போதும். ஆனால் பட்டையோ பருப்போ குளிர்ந்த பாலில் தன் மணத்தை எளிதில் விட்டுக்கொடுப்பதில்லை.

வெனிலாவில்தான் எல்லோரும் தொடங்குகிறார்கள், நானும் அப்படியே. எசன்ஸ் என்றால் அது பெரும்பாலும் ஆல்கஹாலில் கரைந்த மணம். எத்தில் ஆல்கஹால் 78 டிகிரியில் கொதிக்கும் என்பதால், சூடான பாலில் ஊற்றியதும் அது ஆவியாகி எழும்போது மென்மையான மணங்களையும் உடன் கொண்டுபோய்விடும். வெனிலின் என்ற முதன்மைப் பொருள் அவ்வளவு எளிதில் ஆவியாவதில்லை. அதைச் சூழ்ந்திருக்கும் நுட்பமான மணங்கள்தாம் பறந்துவிடுகின்றன. எனவே சமையலறை முழுவதும் வெனிலா மணந்தால் பாட்டிலில் அது குறைந்துவிட்டது என்று பொருள். கலவை கைபொறுக்கும் சூட்டுக்கும் கீழே இறங்கிய பிறகு இரண்டு தேக்கரண்டி ஊற்றினால் போதும். காய் கிடைத்தால் முறை தலைகீழாகிறது. காயை நீளவாக்கில் கீறி, கத்தியின் மழுங்கிய பக்கத்தால் உள்ளிருக்கும் கருமணிகளை வழித்தெடுத்து, தோலையும் மணிகளையும் சூடான பாலில் போட்டு மூடி அரைமணி நேரம் விட வேண்டும். வழிக்கும்போது கத்தியில் ஒட்டும் அந்தக் கருஞ்சாந்து மிகச் சிறிதுதான். விரலில் ஒட்டியதைக்கூட வீணாக்க மனம் வராது. அதன் விலைக்கும் காரணம் இருக்கிறது. வெனிலாக் கொடியின் பூவை அதன் தாயகத்துக்கு வெளியே கையால்தான் மகரந்தச் சேர்க்கை செய்ய வேண்டியிருக்கிறது. அந்த எளிய கைமுறையை 1841-இல் ரெயூனியன் தீவில் கண்டவர் எட்மண்ட் ஆல்பியஸ் என்ற 12 வயது அடிமைச் சிறுவன். 1874-இல் டீமன், ஹார்மன் என்ற ஜெர்மானிய வேதியியலர்கள் வெனிலினைச் செயற்கையாகச் செய்துவிட்டார்கள். காபியின் கசப்போடு சேரும்போது, எசன்ஸுக்கும் காய்க்கும் உள்ள வேறுபாடு நாம் நினைக்கும் அளவுக்குப் பெரிதாகத் தெரிவதில்லை என்பது என் கருத்து. காயைப் பாயசத்துக்கோ ஐஸ்க்ரீமுக்கோ வைத்துக்கொள்வேன்.

பட்டையில் நான் செய்த தவறு வேறு விதமானது. பட்டைத்தூளை ஒரு தேக்கரண்டி நேராகக் கலந்துவிட்டேன். அன்று நன்றாகவே இருந்தது. மறுநாள் காலை பாட்டிலைச் சாய்த்தபோது முதலில் எதுவும் வரவில்லை. பிறகு மூக்குச்சளி போன்ற ஒரு கட்டி காபியில் தொப்பென்று விழுந்தது. பட்டைத்தூள் கரைவதில்லை, நீரை உறிஞ்சி ஊறிக் கொழகொழப்பாகிறது. தூளாக வாங்கியவர்களுக்கு இதிலிருந்து முழுதாகத் தப்ப வழியில்லை. துணியில் வடித்தாலும் நுண்துகள் தங்கிவிடும். முழுப்பட்டை இரண்டு துண்டை உடைத்துப் பாலோடு சேர்த்துச் சிறு தீயில் பத்து நிமிடம், அணைத்து மூடி இன்னும் இருபது நிமிடம் வைத்து வடித்தால், மணம் முழுவதும் பாலில் இறங்கிவிடும். பட்டையின் மணத்துக்குக் காரணமான சின்னமால்டிஹைடு கொழுப்பில் நன்றாகக் கரையும். ஆகவே கொழுப்புள்ள பாலில் அது எளிதாக இறங்கி, நாள்பட நிலைத்தும் நிற்கும். கிராம்பு, ஜாதிக்காய் ஆகியவற்றுக்கும் இதே முறைதான், ஆனால் கை மிகவும் அடங்கியிருக்க வேண்டும். மூன்று கிராம்பு போதும். ஆறு போட்டால் பல் மருத்துவரின் அறைக்குள் அமர்ந்து காபி குடிப்பது போலிருக்கும்.

இஞ்சியைத் தனியாகச் சொல்ல வேண்டும். பச்சை இஞ்சியில் புரதத்தைச் சிதைக்கும் ஒரு நொதி உண்டு. வெதுவெதுப்பான பாலில் இஞ்சிச்சாறு பட்டால் எந்த அமிலமும் இல்லாமலேயே பால் உறைந்துவிடும். அந்த நொதி ஓங்கி வேலை செய்வது 60 டிகிரியை ஒட்டிய சூட்டில். இஞ்சியைத் தட்டி முதலில் கால் கோப்பை நீரில் ஐந்து நிமிடம் நன்றாகக் கொதிக்கவிட்டால் நொதி செயலிழந்துவிடும். அதன் பிறகு அந்த நீரைப் பாலில் சேர்க்கலாம். ஆரஞ்சிலும் இதுபோன்ற ஒரு கண்ணி இருக்கிறது. சாறு கூடவே கூடாது. தோலின் மேற்பரப்பிலுள்ள நிறப்பகுதியை மட்டும் சீவி, அடுப்பணைத்த பாலில் பதினைந்து நிமிடம் ஊறவிட்டால், அமிலம் இல்லாமல் மணம் மட்டும் வந்துவிடும். உள்ளிருக்கும் வெள்ளைப் பகுதி சேர்ந்தால் கசக்கும். புதினா இலைக்குப் பத்து நிமிடத்துக்கு மேல் இடம் கொடுக்கக் கூடாது. கொடுத்தால் புல் வாடை வந்துவிடும்.

ஹேசல்நட் க்ரீமர்தான் எங்கள் வீட்டில் முதலில் தீர்வது. 150 கிராம் ஹேசல்நட் பருப்பை 160 டிகிரி ஓவனில் பத்துப் பன்னிரண்டு நிமிடம் வறுத்து, சூட்டோடு ஒரு துண்டில் சுருட்டித் தேய்த்தால் மேல்தோல் உதிர்ந்துவிடும். தோலோடு ஊறப்போட்டால் துவர்ப்பு வரும். ரவைபோல இடித்து, சூடான பாலில் போட்டு ஒரு மணி நேரம் விட்டு, துணியில் பிழிந்தெடுக்க வேண்டும். 350 மில்லி பாலில் 280 மில்லிதான் திரும்பக் கிடைக்கும். மீதியைப் பருப்பு குடித்துவிட்டிருக்கும், அந்த அளவுக்குப் பாலைச் சேர்த்துக்கொள்ள வேண்டியதுதான். பிழிந்த சக்கையைத் தூக்கி எறியாமல் அன்றே ஏதாவது பிஸ்கட் மாவில் பிசைந்துவிடுவேன். கடை க்ரீமரில் வரும் ஹேசல்நட் மணத்தின் அழுத்தம் இதில் வராது என்பதை முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன். அது மணச்சாறு, இது பருப்பு. இரண்டும் வேறு வேறு பொருள்கள் என்று ஏற்றுக்கொண்டவர்களுக்கே இது பிடிக்கும்.

சாக்லேட்டுக்குக் கோகோ பவுடரை நேராகப் பாலில் கொட்டினால் அது கரையாமல் மேலே தீவுகளாக மிதக்கும். இரண்டு மேசைக்கரண்டி கோகோவைச் சிறிது கண்டென்ஸ்டு மில்க்கும் வெந்நீரும் விட்டு முதலில் பசையாகக் குழைத்து, பின் கொஞ்சம் கொஞ்சமாகப் பாலில் தளர்த்த வேண்டும். கோகோவிலும் இரண்டு வகை உண்டு. இயல்பான கோகோ தானே சற்று அமிலத்தன்மை உள்ளது. அமிலத்தை முறிக்கும் காரப்பொருள் (அல்கலி) சேர்த்துப் பதப்படுத்தப்பட்ட டச்சு வகை நடுநிலையானது, நிறமும் கருமை. ஏற்கெனவே அமிலமான காபியோடு சேரப்போவதால் டச்சு வகையே நல்லது. எதுவானாலும் மறுநாள் அடியில் மெல்லிய படிவு தங்கும். அது கோகோவின் இயல்பு, பாட்டிலைக் குலுக்கினால் சரியாகிவிடும்.

கேரமலில் வேலையும் ஆபத்தும் அதிகம். ஆனால் எனக்கு மிகவும் பிடித்தது அதுதான் என்பதால் கொஞ்சம் நின்று சொல்கிறேன். 100 கிராம் சர்க்கரையை உலர்ந்த பாத்திரத்தில் பரப்பி நடுத்தரத் தீயில் வைத்தால் சிறிது நேரம் எதுவும் நடக்காது. பிறகு ஓரங்களில் கண்ணாடிபோல் உருகத் தொடங்கும். கரண்டி போடாமல் பாத்திரத்தைச் சுழற்றிக் கொடுத்தால் உருகியது உருகாததை இழுத்துக்கொள்ளும். முதலில் வைக்கோல் நிறம், பின் தேன் நிறம், பின் செம்பு நிறம். 170 டிகிரியைத் தாண்டும்போது இந்த மாற்றங்கள் சில நொடிகளில் நடந்துவிடும். தேன் நிறத்தில் நிறுத்தினால் இனிப்பு மட்டும்தான் இருக்கும், காபியில் ஊற்றினால் கேரமல் என்றே தெரியாது. செம்பு நிறம் வந்து, மேலே முதல் மெல்லிய புகைக்கீற்று எழும் நொடிதான் சரியான நொடி. அடுப்பை அணைத்துவிட்டு, வெதுவெதுப்பாக்கிய க்ரீமை மூன்று தவணையாக ஊற்ற வேண்டும். குளிர்ந்த க்ரீமை ஊற்றினால் சீறிப் பொங்குவதோடு சர்க்கரையும் கல்லாக இறுகிவிடும். என் மணிக்கட்டில் இருக்கும் அரிசியளவுத் தழும்பு அந்தச் சீறலின் நினைவுதான். பெரிய பாத்திரமும் நீண்ட கைப்பிடிக் கரண்டியும் இல்லாமல் இதில் இறங்க வேண்டாம். கட்டியாகிவிட்டாலும் பதற வேண்டியதில்லை, சிறு தீயில் மீண்டும் கலக்கினால் கரைந்துவிடும். இந்த முறையில் 100 கிராம் சர்க்கரை ஏற்கெனவே சேர்ந்துவிடுவதால் கண்டென்ஸ்டு மில்க்கைப் பாதியாகக் குறைத்துவிடுவேன். உப்பு கால் தேக்கரண்டி. அது இல்லாமல் கேரமல் வெறும் சர்க்கரைதான்.

பால் சேர்க்காதவர்களுக்கு நான் செய்து பார்த்ததில் முந்திரிதான் சிறந்தது. ஊறவைத்து நன்றாக அரைத்தால் வடிகட்டக்கூட வேண்டாம். ஆனால் அதில் மாவுச்சத்து இருப்பதால் சூடாக்கினால் கூழாகிவிடும், எனவே மணப்பொருள்களை நீரில் ஊறவைத்து அந்த நீரால் அரைக்க வேண்டும். பாதாம் பால் காபியில் எளிதாகத் திரிகிறது. வீட்டில் அரைத்த ஓட்ஸ் பால் சூட்டில் வழவழத்துவிடும். தேங்காய்ப்பால் சுவையாக இருந்தாலும் ஃபிரிட்ஜில் அதன் கொழுப்பு வெண்கட்டியாக இறுகி, மறுநாள் மிதவையாக வருகிறது.

எல்லா வகைக்கும் பொதுவான ஒன்று ருசிபார்க்கும் முறை. பாட்டிலிலிருந்து குளிராக ஒரு கரண்டி எடுத்து நாவில் வைத்து முடிவு செய்யக் கூடாது. குளிர்ச்சி இனிப்பைக் குறைத்துக் காட்டும், கொழுப்பு மணத்தைப் பிடித்துவைத்திருக்கும். சூடான காபியில் ஊற்றிய பிறகே இரண்டும் வெளிவரும். அதனால் பாட்டிலில் நிரப்புவதற்கு முன்னால் அரைக்கோப்பைக் காபி போட்டு, அதில் ஊற்றித்தான் பார்க்கிறேன். அப்போது ஊற்றும் வரிசையிலும் ஒரு நுணுக்கம் இருக்கிறது. க்ரீமரைக் கோப்பையில் முதலில் ஊற்றிவிட்டு அதன்மேல் காபியைச் சிறிது சிறிதாக ஊற்றினால், பால் புரதம் படிப்படியாகச் சூடேறுகிறது; கொதிக்கும் அமிலத்துக்குள் திடீரென்று விழுவதில்லை. காபியை ஒன்றிரண்டு நிமிடம் ஆறவிட்டாலும் இதே பலன் கிடைக்கும். இவ்வளவுக்குப் பிறகும் திரிகிறது என்றால், பாட்டிலுக்கு ஒரு சிட்டிகை சமையல் சோடா சேர்த்துப் பார்க்கலாம். தொழிற்சாலையின் பாஸ்பேட் செய்யும் வேலையில் ஒரு பங்கை அது செய்யும். சிட்டிகை என்றால் சிட்டிகைதான். கூடினால் சோப்பு வாடை வரும்.

சேமிப்பில் நான் சமரசம் செய்துகொள்வதில்லை. சர்க்கரை இருக்கிறதே, கெடாது என்று நினைப்பவர்கள் உண்டு. டின்னுக்குள் இருந்தவரை சர்க்கரை அதைக் காத்தது உண்மைதான். நாம்தான் பாலை ஊற்றி நீர்க்கச் செய்துவிட்டோமே. கண்ணாடி பாட்டிலை வெந்நீரில் கழுவி முழுதும் உலரவிட்டு, க்ரீமர் ஆறிய உடனே நிரப்பி, 4 டிகிரியிலோ அதற்குக் கீழோ வைக்க வேண்டும். அடிக்கடி திறக்கும் ஃபிரிட்ஜ் கதவின் தட்டில் வைக்காமல் உட்புறத் தட்டில் வைப்பது நல்லது. மேசையில் மறந்து இரண்டு மணி நேரத்துக்கு மேல் இருந்துவிட்டால் கொட்டிவிடுவேன். செய்த நாளைக் காகிதத்தில் எழுதி ஒட்டுகிறேன். ஏழு நாள் கணக்கு. மூன்றாம் நாளில் பாட்டிலின் கழுத்தில் மஞ்சள் நிறத்தில் ஒரு கொழுப்பு அடைப்பு சேர்ந்திருந்தால் அது கெட்டதன் அறிகுறி அல்ல, குலுக்கினால் கலந்துவிடும். புளிப்பு வாடை, பாட்டில் சுவரில் ஒட்டும் துகள், திறக்கும்போது சிறு காற்றுச் சத்தம் ஆகியவைதான் கெட்டதன் அறிகுறிகள்.

அக்கா இப்போது வந்தால் நேராக ஃபிரிட்ஜைத் திறந்து பாட்டிலின் காகிதத்தைத்தான் முதலில் படிக்கிறாள். போன வாரம் அவள் வந்தபோது கேரமல் பாட்டிலில் இரண்டு கரண்டிகூடத் தேறாது. அடியிலும் சுவரிலும் ஒட்டிக்கொண்டிருந்ததுதான் மீதி. ஆறிப்போன காபியை அந்தப் பாட்டிலுக்குள்ளேயே ஊற்றி, இரண்டு பனிக்கட்டியைப் போட்டு, மூடியை இறுக்கிக் குலுக்கிக் கொடுத்தேன். வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்து, எதுவும் மிதக்கிறதா என்று பார்த்துவிட்டுத்தான் குடித்தாள்.